அரிசிப் பானைக்குள் தோல்வார்

தங்கையாவின் இடது கால் மரம் அறுக்கும் வேலையில் போனது. அதன்பின் இரண்டு வருடம், எங்கள் தீவுக்குக் கப்பல் வரும் நாளெல்லாம் அவன் மனைவி சந்திரமதி அவனைக் கைவண்டியில் உட்காரவைத்து வேடிக்கை பார்க்க ஜெட்டிக்குத் தள்ளிப் போவாள். மரைன் ஹில் குடியிருப்பே அவளைப் புகழ்ந்தது.

அறுபத்து நான்காம் வருடம் மெட்ராஸிலிருந்து மரக்கால் வந்தது. நர்ஸாக இருந்த நான் அவனுக்கு நடக்கப் பழக்கினேன். எதற்கெடுத்தாலும் அவன் "சிஸ்டர், சிஸ்டர்" என்றான். ஒருநாள் மரக்காலைக் கட்டும் தோல்வாரைக் காணோம். தேடியதில் அரிசிப் பானைக்குள் கிடைத்தது.

"நீதானே வச்ச?" என்று சந்திரமதியைக் கேட்டேன்.

"ரெண்டு வருஷம் என் தோளைப் புடிச்சவரு. இப்ப நீங்க சொன்னாத்தான் எழும்புறாரு."

"அப்ப நாளைலேர்ந்து நீயே கட்டு. இறுக்கினா புண்ணாகும், தளர்ந்தா விழுந்துருவாரு."

கற்றுக்கொண்டாள். அடுத்த கப்பலுக்கு அவன் நடந்தே போனான். எதற்கும் இருக்கட்டும் என்று அவள் வெறும் வண்டியோடு பின்னால் போனாள். திரும்பும்போது வண்டியில் வெங்காய மூட்டை இருந்தது, தள்ளியவன் தங்கையா. கைவீசி நடந்தும் அவள் முகம் தெளியவில்லை.

"என்னம்மா?" என்றேன்.

"எல்லாரும் அவரத்தான் ஷாபாஷ்னாங்க சிஸ்டர். வாரைக் கட்டினது யாருன்னு ஒருத்தரும் கேக்கல."