வாய் திறக்காதவனை முதலில் அடி

ஒக்கலிபுரம் சாராயக்கடையில் நான் கல்லாவில் இருந்தேன். சண்டையை அடக்குவது கோதண்டத்தின் வேலை. அதற்கு அவரிடம் ஒரே கணக்குதான். "கூச்சல் போடுறவன் அடிக்க மாட்டான். வாயத் தொறக்காதவன்தான் கத்திய எடுப்பான். அவன மொதல்ல போடு." பல வருடம் அது பலித்தது.

1938இல் ஒரு சாயங்காலம் இரண்டு பேர் மோதிக்கொண்டார்கள். ஒருவன் தொண்டை கிழிய ஏசினான். மற்றவன் வயிற்றில் கைவைத்துப் பேசாமல் நின்றான். கோதண்டம் தடியால் அவன் தாடையை உடைத்தார். விழுந்தவனின் கை விலகியது. கத்தி இருந்தது, பிடிவரை அவன் வயிற்றுக்குள். குத்தியவன் ஏசிக்கொண்டே ஓடிவிட்டான்.

மறுநாளும் பேசாமல் நின்ற ஒருவனைத்தான் அடித்தார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"இன்னுமா அந்தப் பாழாப்போன கணக்கு?"

"வேற இருந்தா சொல்லுய்யா."

பதில் தெரியாமல் வாயடைத்து நின்றேன். அவர் என் கைகளைப் பார்த்தபடி தடியை இறுகப் பிடித்தார்.