அண்ணன் வாய் கட்டிய துணி

அண்ணனின் ஆண்டுத் திவசத்திற்கு வந்து இந்த நினைவு மலரைக் கையில் வாங்கும் உறவினர்களுக்கும் நண்பர்களுக்கும் தங்கையின் வணக்கம். இப்படிப்பட்ட மலர்களில் போனவருடைய நற்குணங்களை எழுதுவது வழக்கம். நானும் எழுதத்தான் போகிறேன். ஆனால் போன வருடம் செத்தவீட்டில் உங்களில் சிலர் என்னிடம் கேட்டதும், பலர் கேட்காமல் தங்களுக்குள் பேசிக்கொண்டதுமான ஒரு விஷயத்துக்கு முதலில் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது. அண்ணனின் தாடையைச் சேர்த்துக் கட்டியிருந்தது புதுத் துணி அல்ல. மஞ்சளும் சிவப்பும் வெள்ளையும் அப்பிக் காய்ந்துபோன பழைய துணி. "ஒரு முழம் வெள்ளைத் துணிக்கும் வழியில்லாமலா கூடப்பிறந்தவர அனுப்புறா?" என்று ஒருவர் கேட்டது என் காதில் விழுந்தது. வழி இருந்தது. துணிக்குப் பங்கீடு நடக்கிற இந்தக் காலத்திலும் புதுத் துணி என் பெட்டியில் இருந்தது. எடுக்காமல் விட்டது நான்தான்.

அண்ணன் பிறந்தது குருக்கள்மடத்தில். எங்கள் அப்பா பிறத்தியாரின் வயல்வட்டையில் வேளாண்மை செய்தவர். ஒரு மாரியில் காய்ச்சல் வந்து, மருந்து வாங்கப் போன ஆள் திரும்பி வருமுன்பே போய்விட்டார். அம்மா பன்பாய் இழைத்து எங்கள் இருவரையும் வளர்த்தார். அண்ணன் பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டு வண்டிகளுக்கும் தோணிகளுக்கும் நிறம் பூசப் போனார். அவர் போனதால்தான் நான் மிஷன் பள்ளிக்கூடத்தில் தொடர்ந்து படித்து இன்று உபாத்தியாயராக இருக்கிறேன். இதை அவர் ஒருநாளும் வாயால் சொன்னதில்லை. சொல்லியிருந்தால் எனக்குக் கொஞ்சம் சுலபமாக இருந்திருக்கும்.

நாடகக் கம்பனிகள் மட்டக்களப்பில் கொட்டகை போட்டு ஆடிய காலம் அது. ஒரு கம்பனியின் அரண்மனைச் சீன் திரை மழையில் நனைந்து கிழிந்துபோக, அதைத் தைத்து நிறம் பூசிக் கொடுக்க அண்ணன் போனார். அன்றிலிருந்து அவருடைய தொழில் அதுவாகிவிட்டது. காடு, கடற்கரை, ராசவீதி, மயானம் என்று எத்தனையோ திரைகளில் படம் கீறினார். அவருடைய மயானச் சீன் இறங்கியதும் ஆரையம்பதியில் ஒரு பெண்பிள்ளை கத்திக்கொண்டு எழும்பி ஓடியதாகச் சொல்வார்கள். அந்தப் பெண்பிள்ளையைத்தான் அண்ணன் பின்னர் கல்யாணம் முடித்தார் என்று எங்கள் வீட்டில் பகிடி பண்ணுவோம். மச்சாள் இல்லையென்று மறுப்பார். ஆனால் சிரித்துக்கொண்டுதான் மறுப்பார்.

மாப்பிள்ளை பெண்வீட்டில் குடியேறும் எங்கள் ஊர் முறைப்படி அண்ணன் மச்சாளின் வீட்டில், ஆரையம்பதியில் குடியிருந்தார். அந்த வளவு முழுவதும் ஓவியச் சாமான்தான். புளியங்கொட்டையை வறுத்து ஊறவைத்து அரைத்துக் காய்ச்சிய பசையைத் துணியில் தேய்த்துக் காயவைப்பார். காய்ந்ததும் வெண்கட்டிப் பூச்சு. அதன்மேல் சங்கால் உரசி, கையை வைத்தால் வழுக்கும்படி ஆக்குவார். புளியங்குச்சிக் கரியால் கோடு போட்ட பிறகுதான் நிறத்துக்கு வருவார். மஞ்சளுக்கு அரிதாரம், சிவப்புக்குச் செந்தூரம், கறுப்புக்கு விளக்குப் புகை, வெள்ளைக்கு ஈய வெள்ளை. எல்லாவற்றையும் மச்சாளின் அம்மியிலேயே அரைத்தார். தூரத்தில் இருப்பதற்கு நிறத்தை மெலிதாக்கு, கிட்ட இருப்பதற்குத் தடிப்பாக்கு, முகத்தைக் கடைசியில் வை என்பார். கண் கீறாத முகம் வெறும் துணி என்றும், கண் கீறிய பிறகு அது துணி அல்ல என்றும் சொல்வார்.

கண்ணும் மயிரும் நகையும் கீற அணில் வால் தூரிகை. அதன் நுனி ஊசியாக நிற்கவேண்டும் என்பதற்காக ஒவ்வொரு தடவையும் உதட்டில் வைத்து இழுப்பார். நிறத்தில் தோய்ப்பது, உதட்டில் இழுப்பது, கோடு போடுவது. கை தானாகவே அப்படிப் பழகிவிட்டது. வெற்றிலை போடாமலே வாய் சிவந்த மனிசன் என்று ஊரில் அவருக்குப் பெயர். நாங்களும் அதைச் சொல்லிச் சிரித்தோம்.

மச்சாளுக்குப் பிள்ளை தங்கவில்லை. வயிற்றில் வருவதும் போவதுமாக இருந்தது. கடைசியில் அவரும் காய்ச்சலில் போய்ச் சேர்ந்தார். பெண் போன வீட்டில் இருக்க மனமில்லாமல் அண்ணன் குருக்கள்மடத்துக்கு என்னிடம் வந்தார். வந்தபோதே வயிற்றுவலி இருந்தது. குடலைப் பிடித்து முறுக்குவதுபோல் துடிப்பார். பிறகு வலது கை மணிக்கட்டில் விழத் தொடங்கியது. நீட்டச் சொன்னால் விரல்கள் கீழே தொங்கும். மட்டக்களப்பு ஆசுப்பத்திரிக்குக் கூட்டிக்கொண்டு போனேன். அங்கு வைத்தியம் பார்த்த அப்போதிக்கரி ஐயா அண்ணனின் உதட்டை விலக்கி, கண்ணாடியைப் பிடித்து, பல்லின் அடியில் ஈறோரமாக ஓடிய நீலக் கோட்டைக் காட்டினார்.

"இது ஈயம். உம்மட வெள்ளையில ஈயம், செந்தூரத்திலயும் ஈயம். இவ்வளவு காலமும் அதத் திண்டிருக்கிறீர். நிறத்த விடும், இல்லாட்டி அது உம்ம விடாது" என்றார். வீட்டில் பிள்ளைகள் உண்டா என்றும் கேட்டார். இல்லையென்று சொன்னதும், காரணத்தையும் நிறம் அரைத்த அம்மியையும் விசாரித்து, பிள்ளை தங்காததற்கும் ஈயமே காரணமாக இருக்கலாம் என்றார். மச்சாள் அதைக் கேட்க உயிரோடு இல்லாதது எனக்கு ஆறுதலாக இருந்தது. அப்படி ஆறுதல்பட்டதை நினைத்தால் இன்றும் நெஞ்சு எரிகிறது.

அந்த வருடமே வாவிக்கு அக்கரையில், படுவான்கரையில் உள்ள ஒரு கோயிலில் இருந்து, புதுத் திரை எழுத அண்ணனைக் கேட்டு ஆள் வந்தது. கோயிலின் பெயரை எழுதவில்லை. அறிந்தவர்களுக்கு எழுதத் தேவையில்லை. வருடத்தில் ஒரு முறை வைகாசியில் சனத்துக்குக் கதவு திறக்கும் அம்மன் கோயில் அது. உள்ளே இருப்பதை யாரும் காண்பதில்லை. சனம் கும்பிடுவது முன்னால் தொங்கும் திரைச்சீலையில் எழுதிய அம்மனை. திரை பழசானால் அதன் கோடுகளைத் தாளில் ஊசியால் குத்தி எடுத்து, புதுச் சீலையில் வைத்துக் கரித்தூளைத் தட்டுவார்கள். புள்ளி புள்ளியாகப் பழைய முகம் புதுச் சீலையில் இறங்கும். பழைய திரையை வாவியில் விட்டுவிடுவார்கள். எழுதியவரின் பெயர் எந்தத் திரையிலும் இல்லை. எத்தனை தலைமுறைக் கை அந்த முகத்தில் இருக்கிறது என்று யாருக்கும் தெரியாது.

"வேணாம் அண்ணன். அப்போதிக்கரி சொன்னது மறந்து போச்சா?" என்று நான் சண்டை பிடித்தேன்.

"என்ட சீனெல்லாம் நாடகம் முடிய எலி திண்டு போச்சு புள்ள. சனம் கும்பிடுற படம் நான் ஒண்டும் கீறல்ல. இதக் கீறிட்டு விடுறன். மறுகா தூரிகையத் தொடமாட்டன்."

அந்த வேலைக்கு ஒரு கட்டுப்பாடு உண்டு. பூசை செய்யும் கட்டாடியார் வாயை வெள்ளைத் துணியால் கட்டிக்கொண்டுதான் உள்ளே போவார். திரை எழுதுகிறவரும் அப்படியே கட்ட வேண்டும். மூச்சும் எச்சிலும் அம்மன்மேல் படக்கூடாது. உள்ளே துணியை அவிழ்க்கவும் கூடாது, பேசவும் கூடாது; கண் எழுதத் தொடங்கிவிட்டால், இரண்டு கண்ணும் முடியும்வரை வெளியே வந்தாலும் கூடாது. இதைக் கேட்டபோது எனக்குப் பாதிப் பயம் போனது. வாயைக் கட்டினால் அண்ணன் நிறத்தைத் தின்ன முடியாதே என்று நினைத்தேன். சீலையையும் வாய் கட்டும் துணியையும் காத்தான்குடியில் இருந்து, காக்கா என்று நாங்கள் அழைக்கும் ஒரு முஸ்லிம் நெசவுக்காரர் நெய்து கொடுத்தார்.

பள்ளி விடுமுறையில் நான் தோணியில் அக்கரைக்குப் போய் அண்ணனுக்குப் பாலும் பழமும் கொடுத்து வந்தேன். பெண்கள் உள்ளே போகக் கூடாது, வெளிமண்டபத்தோடு சரி. மாலையில் வேலை நிறுத்தி வெளியே வந்துதான் அவர் துணியை அவிழ்ப்பார். மணிக்கட்டின் கீழ் மூங்கில் சிம்பு வைத்துக் கட்டி, விழும் கையை நிமிர்த்திப் பிடித்துத்தான் எழுதினார். ஆனால் பழகிய கை பழகிய கைதான். தோய்த்ததும் தூரிகை தானாக உதட்டுக்குப் போகும், துணியில் முட்டி நிற்கும். அப்படி முட்டி முட்டியே துணியின் வெளிப்பக்கம் நிறமாகிவிட்டது.

கதவு திறக்கும் நாளுக்கு முந்திய காலை, கண் எழுதும் வேளை. ஒரு கண் முடிந்தது. அப்போது கோயில் நிர்வாகம் பார்க்கும் வண்ணக்கரும் நாலைந்து பெரியவர்களும் உள்ளே போனார்கள். போன வேகத்தில் அண்ணனை வெளிமண்டபத்துக்குக் கூட்டி வந்தார்கள். அவர் வாயில் துணி அப்படியே கட்டியிருந்தது.

"வாயப் பாருங்க. தூரிகைய வாயில வெச்சுத்தான் அம்மாளுக்குக் கண் கீறியிருக்கார். எச்சில் திரைய எப்பிடித் தொங்கவிடுற?" என்றார் வண்ணக்கர்.

அண்ணன் பேசவில்லை. பேசினால் மற்றக் கண் எழுதும் உரிமை போய்விடும். தலையை மட்டும் இல்லையென்று ஆட்டினார். கட்டாடியார் பூசை வேலையாக உள்ளே இருந்தார். எனக்குப் பொறுக்கவில்லை.

"நிறமெல்லாம் வெளிப்பக்கம்தான். உள்பக்கத்தத் திருப்பிப் பாருங்க, வெள்ளையா இருக்கும்!" என்று கத்தினேன்.

"எச்சில் துணிய ஆரு தொடுற?" என்றார் அவர்.

ஒருவரும் முன்வரவில்லை. அண்ணன் எல்லோருடைய முகத்தையும் பார்த்தார். பிறகு இடது கையால் முடிச்சை அவிழ்த்து, துணியைத் திருப்பி, உள்பக்கம் தெரிய வலது கையில் போட்டு அவர்கள் முன்னால் நீட்டினார். விரல்கள் தொங்கிய கையில் துணியும் தொங்கிக்கொண்டு நின்றது. அவர்கள் துணியைப் பார்க்கவில்லை.

"வாயை அவிழ்த்துட்டார். இனி மற்றக் கண் திறக்க ஏலா. முடிஞ்சிது" என்றார் வண்ணக்கர்.

கட்டினால் எச்சில், அவிழ்த்தால் குற்றம். இதற்கு நியாயம் என்று பெயர் வைத்துக்கொண்டு அவர்கள் கலைந்து போனார்கள். அந்த வருடமும் பழைய திரையே தொங்கியது. புதுத் திரையைக் கல் கட்டி, ஒரு கண் திறந்தபடியே வாவியில் விட்டார்கள். கேள்விப்பட்டபோது அண்ணன், "சரி, இனி அது மீனுகளப் பாத்துக்கொண்டு கிடக்கட்டும்" என்றார். அதற்குமேல் அவர்களைப் பற்றி ஒரு சொல்லும் சொல்லவில்லை. நான் சொன்ன சொற்களை இங்கே அச்சிட முடியாது.

பிறகு இடது கையும் விழுந்தது. சோற்றை நான் பிசைந்து ஊட்டினேன். அம்மாள் எடுத்த கை என்று ஊர் பேசியது. சுகம் விசாரிக்க வந்தவர்களும் எங்கள் வாசலில் நின்றே அதைப் பேசினார்கள். கை விழத் தொடங்கியது திரை எழுதப் போவதற்கு முன்னால். அதை ஆசுப்பத்திரியில் கண்டு சொன்ன ஆள் இருக்கிறார். அம்மன் என்னுடைய அண்ணனின் கையை எடுக்கவில்லை. அம்மியில் அரைத்த வெள்ளை எடுத்தது. இதை ஒருமுறையாவது அச்சில் போடாமல் நான் கண் மூடமாட்டேன் என்று இருந்தேன்.

படுத்த பிறகு அவர் அந்தத் திரையைத்தான் நினைத்துக்கொண்டு கிடந்தார். "மற்றக் கண்ணுல வெளிச்சப் புள்ளி எங்க வைக்கோணும் எண்டு எனக்குத் தெரியும் புள்ள. இடப்பக்கம், கொஞ்சம் மேல. முதல் கண்ணுல வெச்சத விடச் சின்னதா" என்பார். கடைசி நாட்களில் வலிப்பு வந்து எங்களை அடையாளம் தெரியாமல் போனபோதும் அவருடைய வாய் தூரிகையின் நுனியைத் தேடி அசைந்துகொண்டிருந்தது. ஒரு விடியற்காலையில் அதுவும் நின்றது.

நன்றி சொல்ல வேண்டியவர்கள் சிலரே. உண்மையைச் சொன்ன அப்போதிக்கரி ஐயாவுக்கு நன்றி. ஒருவருக்கும் சொல்லாமல் தோணி ஏறி வந்து அண்ணனின் கால்மாட்டில் இருந்துவிட்டுப் போன கட்டாடியாருக்கு நன்றி. ஈமக்கிரியைகளுக்கும் இன்றைய திவசத்துக்கும் கைகொடுத்த அயலவர்களுக்கு நன்றி.

கடைசி நன்றி காத்தான்குடிக் காக்காவுக்கு. துணிப் பொட்டணியோடு கல்முனை வீதியால் போகிறவர் அன்றும் அந்த விடியற்காலையில் வந்து சேர்ந்தார். புதுத் துணி எடுக்கப் பெட்டியைத் திறந்தேன். கழுவாமல் வைத்திருந்த அந்தப் பழைய துணி மேலே கிடந்தது. காக்கா அதைக் கண்டு, "இது நான் நெய்த துண்டெல்லா தங்கச்சி?" என்று கேட்டார். கேட்டவர் தயங்காமல் கையில் எடுத்தார், திருப்பினார், வெளிச்சத்துக்குப் பிடித்து விரலால் தடவிப் பார்த்தார்.

"உள்ளுக்கு ஒரு பொட்டும் இல்லியே" என்றார்.

இத்தனை வருடத்தில் அந்தத் துணியைத் திருப்பிப் பார்த்தவர் அவர் ஒருவர்தான். புதுத் துணியைப் பெட்டியிலேயே விட்டேன். அண்ணனின் வாயை அதே துணியால் கட்டினேன். அது இப்போது அவரோடு மண்ணுக்குள் இருக்கிறது. நிறம் வெளிப்பக்கம், வெள்ளை வாய்ப்பக்கம்.