ஏறி வரும் வண்டிக்கு வழி

என் வீட்டுக்காரர் இருபது வருஷமாகப் போடியிலிருந்து மலை மேலே ஏலக்காய்த் தோட்டத்துக்கு ஆட்களை ஜீப்பில் ஏற்றிப்போனவர். பதினாறு பெண்கள் பின்னால் நெருக்கி உட்கார்ந்தால்தான் அவருக்கு வண்டி, வண்டி மாதிரி இருக்கும். போன வருஷம் சர்க்கரை அவர் வலது கண்ணில் கை வைத்தது. இனி ஆள் ஏற்றி ஓட்டக்கூடாது என்று டாக்டர் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். இவரோ, "ஆடி பொறக்கட்டும், பாத்துக்கிறேன்" என்றார். ஆடியில் காய் எடுப்பு தொடங்கிவிடும். கொண்டை ஊசி வளைவில் அந்தப் பதினாறு பேருக்கும் இவருடைய ஒற்றைக் கண்தான் காவலா?

சொல்லிப் பார்த்தேன், சண்டை போட்டேன், இரண்டு நாள் பேசாமலும் இருந்தேன். மனுஷர் மசியவில்லை. வீட்டில் சும்மா இருந்தால்தானே ஜீப் நினைப்பு வருகிறது என்று, கல்லூரியில் படிக்கும் எங்கள் மகள் ஒரு கார் பந்தய விளையாட்டைக் கொண்டுவந்து டி.வி.யில் மாட்டினாள்.

சின்னப்பிள்ளை விளையாட்டு என்று முதலில் முகம் சுளித்தேன். அதில் ரோடே கிடையாது. காடு, மணல், ஆறு, சேறு. வண்டிகள் குட்டிக் குட்டியாக, ஒன்று கிளிப்பச்சை, ஒன்று ரோஸ். சேறுகூட ஊதா நிறம். தெறிக்கிற சேற்றை யாரும் துவைக்க வேண்டியதில்லை என்பதே எனக்குப் பெரிய நிம்மதி. பள்ளத்தில் விழுந்தால் ஒரு மஞ்சள் பறவை வந்து வண்டியைக் கவ்வித் தூக்கி மறுபடி தடத்தில் வைக்கும். ஒரே ஒரு ஆட்டம் என்று உட்கார்ந்தேன். அது நாலாயிற்று. அன்றைக்குச் சாம்பார் அடிப்பிடித்தது.

இவர் மட்டும் எட்டு வண்டியில் எட்டாவதாகவே வந்தார். மலைத் தடத்தில் எதிரே லாரிகள் ஏறி வரும். எங்கள் மலையில் ஏறுகிற வண்டிக்கு இறங்குகிறவன்தான் வழிவிட வேண்டும். இவர் அங்கேயும் ஓரங்கட்டி நிறுத்திவிடுவார். ஹாரன் பொத்தான் இல்லையென்று வளைவுக்கு வளைவு வாயாலேயே "பாம் பாம்" அடிப்பார். அதற்குள் மற்ற ஏழும் பறந்துபோயிருக்கும்.

"அது பொம்ம லாரிப்பா. இடிச்சுட்டுப் போங்க" என்பாள் மகள்.

"பின்னால ஆளுக இருக்காக ஆத்தா. குலுங்கும்ல?"

அவள் விழுந்து விழுந்து சிரிப்பாள். எனக்குச் சிரிப்பு வராது. அவர் மனசை விட்டு அந்தப் பதினாறு பேரும் இன்னும் இறங்கவில்லை என்று தெரிந்தது. ஆடியோ நெருங்கிக்கொண்டிருந்தது.

ஆனி கடைசியில் ஒருநாள் மத்தியானம், காய்கறி வாங்கிக்கொண்டு வீட்டுக்குள் நுழைந்தேன். இவர் தனியாக விளையாடிக்கொண்டிருந்தார். எதிரே லாரி ஏறி வந்தது. இவர் நிறுத்தவில்லை. நேராக முட்டினார். வண்டி குட்டிக்கரணம் போட்டுப் பள்ளத்தில் விழுந்தது. பறவை தூக்கிவிட்டதும் விட்ட வேகத்திலேயே மறுபடி கிளம்பி, மூன்றாவதாக வந்து சேர்ந்தார்.

"என்னங்க, வழி விடலையா?" என்றேன்.

திரையை விட்டுக் கண்ணை எடுக்காமல் சொன்னார்: "யாருக்காக நிறுத்தணும்? வண்டியில நான் ஒருத்தன்தான இருக்கேன்."

இந்த ஒரு வார்த்தைக்காகத்தான் மாதக்கணக்கில் எல்லாச் சாமியையும் கும்பிட்டேன். காதில் விழுந்ததும் தாங்க முடியவில்லை. பையைக் கீழே போட்டுவிட்டு அவர் பக்கத்தில் உட்கார்ந்து அழுதேன். அவர் அழவில்லை. அடுத்த ஆட்டத்தைத் தொடங்கினார்.