தோடில்லாத காதில் ஒரு பொன்பூச்சி

மகளின் பள்ளிக்கூடக் கண்காட்சியில், ஊசியில் குத்தி வைத்திருந்த ஒரு பூச்சியின் கீழே ‘பொன்பூச்சி’ என்று எழுதியிருந்தார்கள். பூச்சியோ காய்ந்த புளியங்கொட்டை நிறம்.

“பொய் எழுதியிருக்கினம், அம்மா,” என்றாள் மகள்.

எனக்கு நீர்வேலியில் எங்கள் வற்றாளைக் கிழங்குப் பாத்தி நினைவில் வந்தது. நான் சிறுமியாயிருந்தபோது, போரில் ஷெல்லடிக்குப் பயந்து ஓடி, திரும்பி வந்தபோது வீட்டில் ஒரு நகையும் மிஞ்சவில்லை. அக்காவின் காதுத் துளை தூர்ந்துபோகாமலிருக்க அம்மா வேப்பம் ஈர்க்கு செருகியிருந்தார்.

கோயில் தேருக்கு முதல்நாள், அக்கா வற்றாளை இலைகளுக்கடியில் பொன்பூச்சிகளைப் பிடித்துத் தகரப்பேணியில் மூடி வைத்தாள். காதில் ஒட்டிக்கொண்டு தேர் பார்க்கப் போவதாகத் திட்டம். விடிய மூடியைத் திறந்தால் எல்லாம் செத்து, மண்ணிறமாகிக் கிடந்தன.

“பொன்னைக் காணேல்லை அம்மா!” என்று குழறினாள்.

அம்மா எங்களைப் பாத்திக்குக் கூட்டிப்போய் ஒரு இலையைப் புரட்டினார். உருக்கி ஊற்றிய துளிபோல ஒன்று வெயிலில் மின்னியது. அதை விரலில் ஏற்றி அக்காவின் காதுச் சோணையில் விட்டார்.

“அசையாதை, பிள்ளை.”

கண்ணாடி போன்ற ஓட்டுக்குள்ளே பொன் அசைந்து அசைந்து நடந்தது. அக்கா மூச்சே விடவில்லை. அம்மாவும் வாய் திறந்தபடி நின்றார். பிறகு அது சிறகை விரித்துப் பறந்துபோனது.

மகள் இன்னும் என் பதிலுக்காகப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

“பொய்யில்லை, பிள்ளை. உது உயிரோடை இருக்கேக்கை வைச்ச பேர்.”