கொழும்பு விலையும் பட்டாசுப் பெட்டியும்

எங்கள் ஊரிலிருந்து எந்தப் பக்கம் நடந்தாலும் பட்டாசுக் கம்பெனிதான் வரும், கடல் வராது. ஆனாலும் அந்த வருடங்களில் காலையில் எழுந்ததும் நான் கேட்ட முதல் கேள்வி, கொழும்பில் கருவாடு என்ன விலைக்கு இறங்குகிறது என்பதுதான். சிவகாசிக்குப் பக்கத்தில், விஸ்வநத்தத்தில் எங்கள் தெருப் பெண்கள் வாயைப் பொத்திக்கொண்டு சிரிப்பார்கள். "நீ என்ன கப்பலா விட்டுக்கிட்டு இருக்கே?" என்பார்கள். சிரித்துவிட்டுப் போகட்டும் என்று இருந்தேன். எனக்குக் கோபம் சீக்கிரம் வரும், ஆனால் அந்தச் சிரிப்பில் மட்டும் வந்ததில்லை. அவர்களுக்கே கருவாடு விற்கிறவள் அவர்களிடம் எப்படிச் சண்டை போட முடியும்?

விஷயம் இதுதான். தூத்துக்குடியில் காயும் நெத்திலியிலும் வாளையிலும் எது நல்ல சரக்கோ அது கொழும்புக்குப் போய்விடும். அங்கே இறக்குமதி செய்கிற வியாபாரிகள் கைநிறையக் கொடுத்தால், எங்களுக்கு மிஞ்சுவது தலை உடைந்ததும் வால் உடைந்ததும் மணல் ஒட்டியதும்தான். அங்கே விலை விழுந்தால் எங்கள் சந்தைக்கு வெள்ளி மாதிரிச் சரக்கு வரும். ஆக, முகம் தெரியாத ஊர்க்காரர்கள் கருவாட்டுக்கு என்ன கொடுக்கிறார்கள் என்பதில் என் பிழைப்பு தொங்கிக்கொண்டிருந்தது. என் அண்ணன் தூத்துக்குடியில் ஒரு கருவாட்டுக் கிட்டங்கியில் மூட்டை ஏற்றுகிற வேலை பார்த்தான். முதலாளிகள் போனில் பேசுவதையெல்லாம் காதில் வாங்கிக்கொண்டு எனக்குச் சொல்லுவான். செல்போன் எங்கள் தெருவுக்கு அப்போதுதான் வந்திருந்தது. நான் வாங்கிய பழைய போனில் விலை கேட்டதைத் தவிர வேறெதுவும் பேசிய நினைவில்லை.

ஏழாயிரம்பண்ணையிலும் சாத்தூரிலும் சந்தை கூடும் நாட்களில் கூடையோடு போய் உட்காருவேன். வாங்குகிறவர்கள் பெரும்பாலும் கம்பெனிக்குப் போகும் பெண்கள். விடியும் முன்னே கட்டிக்கொண்டு போன சோறு மதியத்துக்குள் விறைத்துப்போயிருக்கும், அதைத் தொண்டைக்குள் இறக்க ஒரு துண்டுக் கருவாடு வேண்டும். வருமானம் ஏதோ வந்தது. அதை நம்பி வீடு நடத்தலாம் என்று சொல்ல முடியாது.

வீடு நடந்தது என் கணவரின் சம்பளத்தில். அவருக்கு மருந்து கலக்கிற அறையில் வேலை. பட்டாசுக்குள் போகும் மருந்தை, வெயில் ஏறும் முன்பே, தனியாக நிற்கும் ஒரு சின்ன அறையில் கலந்து கொடுப்பார். கம்பெனியில் மற்ற வேலைகளைவிட அதற்குக் கூலி கூடுதல். ஏன் கூடுதல் என்று எங்கள் பக்கத்தில் யாரும் விளக்கிச் சொல்ல மாட்டார்கள். தூரத்தில் எங்காவது டமார் என்று கேட்டால், தெருவில் அத்தனை பெண்களும் கையில் இருந்ததைப் போட்டுவிட்டு வாசலுக்கு வந்து எந்தத் திசையில் புகை என்று பார்ப்போம். நம் திசை இல்லை என்றால் உள்ளே போய்விடுவோம். அப்போது வருகிற நிம்மதியை நினைத்தால் எனக்கே என் மேல் அருவருப்பாக இருக்கும். அதனாலேயே அவரோடு ஓயாமல் சண்டை போட்டேன். வேறு வேலைக்குப் போங்கள் என்பேன். அவர் வாயே திறக்க மாட்டார். கடைசியில் ஒரு வருடம் தீபாவளிக்கு முன்னால் ஒரு நாள், தொல்லை தாங்காமல் சொன்னார்:

"உன் கருவாட்டுல ஒரு குடும்பம் பொழைக்கலாம்னு காட்டு. அந்த ரூமுப் பக்கமே போகலை. அதுவரைக்கும் என்னைத் திங்கவிடு, தூங்கவிடு."

அவர் சும்மா சொன்னாரோ என்னவோ, அந்த வாக்கை நான் கெட்டியாகப் பிடித்துக்கொண்டேன்.

தீபாவளிக்குக் கம்பெனியில் போனஸ் கொடுத்துக் கதவை மூடினார்கள். கார்த்திகை தீபம் கழித்துப் பூஜை போட்டுத் திறப்பது வழக்கம். அந்த இடைவெளியில்தான் அண்ணனிடமிருந்து போன் வந்தது.

"ஏ புள்ள, சரக்கெல்லாம் போகாம அடைஞ்சு கெடக்கு. கொழும்புல இறக்குமதி வரியை ஏத்திட்டாங்களாம். போதாக்குறைக்கு மாலத்தீவுச் சரக்கும் பாகிஸ்தான் சரக்கும் வந்து குவிஞ்சிருக்காம். நம்ம சரக்கை ஏறெடுத்துப் பாக்க ஆளில்லை. கொழும்புக்குன்னு பொறுக்கி வச்ச நெத்திலியைக் கேட்ட வெலைக்குக் குடுக்காக. வாரியா?"

போனேன். என் கணவரின் போனஸ் முழுவதையும் சேலைத் தலைப்பில் முடிந்துகொண்டு போய், பொறுக்கி எடுத்த நெத்திலியாக வாங்கி லோடு வேனில் ஏற்றிக்கொண்டு வந்தேன். அப்படி ஒரு நெத்திலியை எங்கள் தெரு பார்த்ததில்லை. ஒன்றுகூட உடையவில்லை, கையில் எடுத்தால் சலசலவென்றது. வீட்டுக்குள் இடமில்லாமல் கட்டிலை நிமிர்த்தி வைத்து மூட்டைகளை அடுக்கினோம்.

அடுத்த சில நாட்களில் கார்த்திகை பிறந்தது. எங்கள் தெருவில் பாதி ஆண்கள் குளித்து, கறுப்பு வேட்டி கட்டி, சபரிமலைக்கு மாலை போட்டுக்கொண்டு நின்றார்கள். மாலை போட்ட வீட்டில் மீன் வாசமே ஆகாது. மாலை போடாத வீட்டுக்காரர்களும் பக்கத்து வீட்டுச் சாமிக்காக அடுப்பில் கருவாடு வைக்க மாட்டார்கள். நாட்டுக்கே காலண்டர் அச்சடிக்கிற சிவகாசிக்குப் பக்கத்தில் குடியிருந்துகொண்டு, கொழும்பு விலையைப் பார்த்த நான் காலண்டரைப் பார்க்காமல் விட்டேன். என் கணவர் ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை. குறை சொல்லியிருந்தால் திருப்பிச் சண்டையாவது போட்டிருப்பேன்.

திருப்பூரில் பனியன் கம்பெனிக்குப் போகும் என் அக்காதான் வழி சொன்னாள். "இங்க பூராவும் நம்ம பக்கத்து ஆளுகதான். மாலை போட்டவுக போட்டிருக்காக, போடாதவுக எம்புட்டோ பேர் ரூம் எடுத்துப் பொங்கித் திங்காக. நல்ல கருவாட்டுக்கு எல்லாம் ஏங்கிக் கெடக்கு. கொண்டா, நான் வித்துத் தாரேன்."

சாக்கில் கட்டிப் பஸ்ஸில் ஏற்றினால் நாற்றம் என்று இறக்கிவிடுவார்கள், நெத்திலியும் நொறுங்கும். என் கணவர் தெருமுனைக்குப் போய்க் கொஞ்சம் அட்டைப் பெட்டிகளோடு வந்தார். எங்கள் ஊரில் துணி வைப்பதும் பருப்பு வைப்பதும் பட்டாசுப் பெட்டியில்தான். அச்சகத்தில் கழித்துப் போட்டவை சும்மாவே கிடைக்கும். இந்தப் பெட்டிகளில் ஒரு குழந்தை கம்பி மத்தாப்பைப் பிடித்துச் சிரித்துக்கொண்டிருந்தது. அச்சில் நிறம் விலகியதால் அதற்கு ரெண்டு மூக்கு. பட்டாசு அடுக்குகிற மாதிரியே உள்ளே பாலிதீன் விரித்து, வரிசையாக நெத்திலி அடுக்கி, நடுநடுவே தாள் வைத்து, காற்றுப் போகாமல் டேப் ஒட்டி, மேலே கயிறும் கட்டினார். பெட்டியில் மூக்கை வைத்து மோந்தாலும் கருவாடு என்று கண்டுபிடிக்க முடியாது. எவ்வளவு சுத்தமான கை என்று அன்றைக்குத்தான் கவனித்தேன்.

ரெண்டு பேரும் பெட்டிகளோடு பஸ் ஏறினோம், மதுரை வரை ஒருவரும் எதுவும் கேட்கவில்லை. எங்கள் பக்கத்துக் கண்டக்டருக்குப் பட்டாசுப் பெட்டியில் எது வேண்டுமானாலும் இருக்கும் என்று தெரியும். மதுரை பஸ் ஸ்டாண்டில் திருப்பூர் வண்டிக்குப் பெட்டிகளை மாற்றும்போதுதான் வினை வந்தது. அந்தக் கண்டக்டர் பெட்டியைப் பார்த்தார், குழந்தையைப் பார்த்தார், எங்களைப் பார்த்தார்.

"எந்த ஊரு?"

"சிவகாசிங்க," என்றேன் பெருமையாக.

முடிந்தது கதை. "பஸ்ஸில பட்டாசு ஏத்துறாங்க!" என்று அவர் போட்ட சத்தத்தில் உள்ளே உட்கார்ந்திருந்தவர்கள் எல்லாம் தபதபவென்று இறங்கினார்கள். ஒரு போலீஸ்காரர் ஓடி வந்தார். கருவாடு என்று நான் தொண்டை கிழியச் சொன்னேன். "சிவகாசிக்காரி பட்டாசுப் பெட்டியில கருவாடு கொண்டு போறாளாம், யார் காதுல பூ சுத்துற?" என்று அவர் என்னை ஒதுக்கிவிட்டு, "யாரும் கிட்ட வராதீங்க! தண்ணி கொண்டாங்கப்பா!" என்று கத்தினார். டீக்கடைக்காரர் வாளி நிறையத் தண்ணீரோடு வந்துவிட்டார்.

தண்ணீர் பட்டால் நெத்திலி அன்றைக்கே குப்பைக்குப் போகவேண்டியதுதான். அதோடு நான் பிடித்து வைத்திருந்த வாக்கும் போய்விடும், திறப்புப் பூஜையன்று அவர் அந்த அறைக்குள்தான் போவார். இவ்வளவும் அந்த நொடியில் தலைக்குள் ஓட, நான் பெட்டிகள் மேல் குப்புற விழுந்து படுத்துவிட்டேன். "ஊத்துங்கய்யா, என் மேல ஊத்துங்க!" என்று கத்தினேன். கூட்டம் இன்னும் பின்னால் போனது.

அப்போது என் கணவர் நடந்து வந்து என் பக்கத்தில், பெட்டியைத் தொட்டுக்கொண்டு உட்கார்ந்தார். போலீஸ்காரரைப் பார்த்து அமைதியாகச் சொன்னார்:

"சார், நான் மருந்து கலக்குற ஆளு. எனக்குப் பட்டாசுன்னாலே பயம் சார். தெனமும் அந்த ரூமுக்குள்ள போறப்ப கையெல்லாம் நடுங்கும். இதுக்குள்ள பட்டாசு இருந்துச்சுன்னா நான் என் பொண்டாட்டிய இதும்மேல படுக்க விட்டிருப்பேனா?"

கல்யாணம் ஆனதிலிருந்து அவர் வாயிலிருந்து பயம் என்ற சொல்லை நான் கேட்டதில்லை. நான் பயந்து சண்டை போட்டபோதெல்லாம் வாயே திறக்காதவர். முன்பின் தெரியாத ஒரு போலீஸ்காரரிடம், டீக்கடை வாளிக்கு முன்னால் அதைச் சொன்னார். எனக்கு அழுகை முட்டியது. அழுவதற்கு நேரமில்லாமல் டேப்பைப் பல்லால் கடித்து இழுத்தேன். பெட்டி வாயைத் திறந்தது. அவ்வளவு நேரம் அடைபட்டுக் கிடந்த வாசம் பஸ் ஸ்டாண்ட் முழுக்கப் பரவியது.

முதலில் சிரித்தது போலீஸ்காரர்தான். ஒரு நெத்திலியை எடுத்து வெயிலில் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "ஏற்றுமதிச் சரக்குல்ல இது?" என்றார். ராமநாதபுரத்துக் கடற்கரைக்காரராம். பிறகு நடந்தது எங்களுக்கே விளங்கவில்லை. பஸ்ஸிலிருந்து பதறி இறங்கினார்களே, அவர்களில் பாதிப் பேர் தீபாவளிக்கு ஊருக்கு வந்துவிட்டுத் திருப்பூர் திரும்புகிற எங்கள் பக்கத்துப் பையன்கள். "அக்கா, எனக்கு ஒரு பொட்டலம்", "மதினி, எனக்கு" என்று சுற்றிக்கொண்டார்கள். கண்டக்டர் "வண்டி எடுக்கணும்" என்று விசில் ஊதிக்கொண்டே, தனக்கும் ஒரு பொட்டலம் வாங்கிச் சீட்டுக்கு அடியில் தள்ளினார். திறந்த பெட்டி அங்கேயே காலி. மற்றவை பஸ்ஸில் ஏறின.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை அக்கா போன் செய்தாள். பஸ்ஸில் வாங்கிய பையன்கள் கூட்டாளிகளைக் கூட்டிக்கொண்டு வந்து நிற்கிறார்களாம், ரெண்டு மூக்குப் பாப்பாக் கருவாடு இருக்கா என்று கேட்கிறார்களாம். மூட்டைகள் தீரும் வரை என் கணவர் கட்டக் கட்ட நான் கொண்டுபோய் ஏற்றினேன். மதுரைக் கண்டக்டர் பிறகு எங்களைக் கண்டால் தானே பெட்டிக்குக் கைகொடுத்தார்.

ஆனால் கட்டில் மறுபடி தரையில் இறங்கிய அன்றே அண்ணன் போன் செய்தான். கொழும்பில் குவிந்த சரக்கு தீர்ந்துவிட்டதாம், விலை நிமிர்கிறதாம். எனக்கு மனசு விட்டுப்போனது. ஒரு தடவை வாய்த்தது, இனி எங்கே என்று தோன்றியது. அவர் காலி மூட்டைகளை மடித்துக்கொண்டே கேட்டார், "நம்ம கட்டுற கட்டுல நெத்திலி எம்புட்டு நாள் நிக்கும்?" காற்றுப் போகாவிட்டால் மாதக்கணக்கில் நிற்கும் என்றேன். "பெறகென்ன? வெல எறங்குறப்ப வாங்கிக் கட்டி வைப்போம், ஏறுறப்ப விப்போம்," என்றார். இவ்வளவு காலம் கொழும்பு விலை கேட்ட எனக்கு அது தோன்றியதில்லை. ஆனாலும் அவர் நல்ல யோசனை சொன்னாரே தவிர, கம்பெனிக்குப் போவதைப் பற்றி எதுவும் சொல்லவில்லை. வாக்கை ஞாபகப்படுத்த எனக்குத் தைரியம் வரவில்லை. எதையும் வாய்விட்டுக் கேட்கிறவள், அதை மட்டும் கேட்காமல் இருந்தேன்.

திறப்புப் பூஜையன்று காலையில் கம்பெனிப் போர்மேன் வண்டியில் வந்து வாசலில் இறங்கினார். வயசானவர், நெற்றி நிறையத் திருநீறு. "என்னப்பா, இன்னும் கெளம்பலையா? மருந்துக்கு நீ இல்லாம ஆரம்பிக்க முடியுமா?" என்றார். நான் கதவுக்குப் பின்னால் நின்றேன்.

"நான் வரலை அண்ணாச்சி," என்றார் என் கணவர். "கருவாட்டு யாவாரம் பாக்கப் போறேன். இனிமே அந்த ரூமுக்கு வரலை."

போர்மேன் சத்தம் போடுவார் என்று நினைத்தேன். கூலி கூட்டித் தருகிறேன் என்பார், இல்லை, கருவாடா என்று சிரிப்பார். அவர் அப்படி எதையும் செய்யவில்லை. வண்டியை ஸ்டாண்ட் போட்டுவிட்டு வாசற்படியில் உட்கார்ந்தார். துண்டை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

"நீ வரலைன்னா அந்த ரூமுக்கு என் மகனைத்தான் அனுப்பணும்," என்றார். "ஆளு கொறைஞ்சா அவன்தான்னு மொதலாளி நேத்தே சொல்லிட்டாரு." அப்புறம் கம்பெனியில் யாரிடமும் பேசாத குரலில் கேட்டார்:

"உங்க யாவாரத்துல பெட்டி கட்ட இன்னொரு ஆளுக்கு வேலை இருக்குமா தாயி?"

கேட்டது என்னைப் பார்த்து. என் கணவர் என் பக்கம் திரும்பினார். நான் கதவுக்குப் பின்னாலிருந்து வெளியே வந்தேன்.

"இன்னைக்கே அனுப்புங்க அண்ணாச்சி," என்றேன்.