ஒரு கொரியாக்காரரும் ஹேர்னிங் கலியாண வீடும்

விழா வீடியோ எடுக்கிறவளுக்கு வேலை ஒன்றுதான்: வந்தவர்களின் முகத்தைப் பிடிப்பது. என்னைப் போல கமரா தூக்கி முதுகு நொந்த உங்களுக்கு இது தெரியும். மகள் நித்திரை கொண்ட பிறகு எழுதுகிறேன். பகலில் எழுத வெட்கம்.

பாதி லைட்

மகளுக்குப் பால் கொடுத்தபடியே ஒரு கொரிய ஒளிப்பதிவாளரின் படங்களைத் தேடித் தேடிப் பார்த்தேன். லைட் வயர் சுற்றும் உதவியாளாகத் தொடங்கியவராம். ஒரு ஜன்னல் வெளிச்சம் அவருக்குப் போதும். ஆட்களை முதுகுப் பக்கமிருந்து, கதவுக்கு அப்பால் நின்று காட்டுவார். முகத்துக்காக எங்களைக் காக்க வைப்பார்.

இங்கே டென்மார்க்கில், பிராண்டே என்ற ஊரில், பிள்ளை பெரியவளானதைக் கொண்டாடிய ஒரு சாமத்தியவீட்டில் நானும் மண்டபத்து லைட்டில் பாதியை அணைக்கச் சொன்னேன். வீடியோவைப் பார்த்த பிள்ளையின் மாமி கேட்டா: "ஏன் பிள்ளை, அண்டைக்குக் கரண்ட் போனதோ?"

கொலர்

அடுத்தது ஹேர்னிங்கில் சுஜியின் கலியாணம். மேடையேறி வாழ்த்தியவர்களை எல்லாம் பின்னாலிருந்தே எடுத்தேன். எனக்கு வேலை பிடித்துத் தருகிற தேவன் அண்ணை திகைத்துப்போனார். "இப்ப கொப்பன்ஹேகனில எல்லாரும் இப்பிடித்தான் கேக்கினம் அண்ணை" என்று கூசாமல் பொய் சொன்னேன். பொய் பாவம் என்று கொன்வென்டில் பத்து வருசம் படித்தவள் நான். அவர் திரையை உற்றுப் பார்த்துவிட்டுச் சொன்னார்: "தங்கச்சி, என்ர மச்சானைச் சேட்டுக் கொலரை வச்செல்லே கண்டுபிடிச்சனான்!"

வாசலில் நின்றவர்

இரண்டு மாதத்தில் சுஜியின் அப்பா திடீரென்று செத்துப்போனார். கலியாணத்தன்று அவர் வாசலில் நின்று ஆட்களை வரவேற்றதை உள்ளேயிருந்து நான்கு நிமிடம் எடுத்திருந்தேன். வெளியே பனி வெளிச்சம். அவர் கறுப்பு நிழல். நான் எடுத்ததிலேயே அதுதான் அழகு என்று பலருக்குக் காட்டிப் பெருமைப்பட்டிருக்கிறேன்.

சுஜி போன் எடுத்து, அப்பா வாசலில் நின்ற வீடியோவைக் கேட்டபோது பயத்தில், "அந்த இடம் பழுதாப் போச்சு" என்றேன். இரண்டு நாளாகக் கணினியில் வெளிச்சத்தைக் கூட்டிக் கூட்டிப் பார்த்தேன், புள்ளிகள்தான் வந்தன. திரும்பப் போன் எடுத்து உண்மையைச் சொல்லி, அந்த நான்கு நிமிடத்தையும் அனுப்பினேன். அவள் ஏசவில்லை. போட்டோ நிறைய இருக்குதாம். அவர் சிரித்துச் சிரித்துக் கூப்பிடுவதைத்தான் பார்க்க வேண்டுமாம்.

"'வாங்கோ, வாங்கோ' எண்டு அப்பான்ர குரல் கேக்குது அக்கா. முகத்தைத்தான் தேடிக்கொண்டிருக்கிறன்."

இப்போது எல்லா லைட்டையும் போட்டு, எல்லாரையும் நேருக்கு நேர் நிறுத்தி, கலை என்ற பேச்சே இல்லாமல் எடுக்கிறேன். ஒருவரும் குறை சொல்வதில்லை, கலியாணப் பொம்பிளையின் தகப்பன் வாசலுக்கு வரும்போது மட்டும் வெளியே போய் நின்று, அவர் உள்ளே போகும்வரை கமராவை நிறுத்தாமல் எடுக்கிறேன்.