நோன்புக்கு முன் நான் கழுவிய கணினி

நோன்பு வருகிறதென்றால் மருதமுனையில் வீடுகளைத் தலைகீழாகப் புரட்டிவிடுவார்கள். பாய்கள் கழுவிக் காயும், அலுமாரிகள் முற்றத்துக்கு வரும், சுவரில் சுண்ணாம்பு ஏறும். அந்த வாரத்தில் ஆண்கள் வீட்டில் சும்மா நிற்க முடியாது. என் மூத்த சகோதரி, ராத்தா, நான்கு தறி வைத்துச் சாரி நெய்விப்பவர். தன்னுடைய கணினியையும் துடைத்து வைக்கும்படி என்னிடம் சொன்னார். நான் கல்முனையில் கணினி திருத்தும் கடை வைத்திருப்பவன். தூசியைத் தட்டிவிட்டு எழும்புகிற ஆள் நானில்லை. உள்ளேயும் கழுவ இறங்கினேன்.

அது பழைய கணினி. சாரிக்குக் கரை வரைகிற மென்பொருள் ஒன்று அதில் இருந்தது. ராத்தா கட்டம் கட்டமாக நிறம் வைத்து வரைவார். அச்செடுத்த தாளைத் தறியில் தொங்கவிட்டு, நெசவுகாரர் அதைப் பார்த்துப் பார்த்து நெய்வார். பதினொரு வருடமாக ராத்தா வரைந்த கரைகள் எல்லாம் அதற்குள்தான். வேறெந்த மென்பொருளாலும் அவற்றைத் திறக்க முடியாது.

உள்ளே போனபோது வேறு வேறு இடத்தில் ஒரே பெயரோடு இரண்டு டிஎல்எல் கோப்புகள் கண்ணில் பட்டன. ஒன்று புதியது, மற்றது ஆதிகாலத்தது. திரையில் கோடு போடுவதையும் நிறம் காட்டுவதையும் ஒவ்வொரு மென்பொருளும் தானே செய்வதில்லை. பொதுவாக வைத்திருக்கும் இப்படியான கோப்பைக் கூப்பிட்டு வேலை வாங்கும். கலியாண வீட்டுக்காரர் சோறாக்க ஆளுக்கொரு பெரிய சட்டி வாங்காமல் பள்ளிவாசல் சட்டியை எடுத்து வருவார்களே, அப்படித்தான். சில மென்பொருளுக்குப் பழைய கோப்போடுதான் பழக்கம், புதியதோடு ஒத்துப்போகாது. இதையெல்லாம் கடைக்கு வருகிறவர்களுக்கு வாய் வலிக்கச் சொன்னவன் நான். அப்படியிருந்தும், புதிது இருக்கும்போது இது எதற்கு என்று பழையதை அழித்தேன். குப்பைக்கூடையையும் காலியாக்கினேன். சுத்தம் என்றால் சுத்தம்.

மறுநாள் காலையில் ராத்தா கூப்பிட்டார். போய்ப் பார்த்தேன். மென்பொருள் திறந்தது, பட்டியலில் கரைகளின் பெயர்கள் எல்லாம் இருந்தன. எதைத் தட்டினாலும் வெள்ளைத் திரைதான் வந்தது. பெருநாள் கழித்துச் சாய்ந்தமருதில் ஒரு பெண்பிள்ளைக்கு நிக்காஹ். அவளுக்கான சாரிக் கரையை ராத்தா வரைந்து முடித்திருந்தார், அச்செடுக்கத்தான் பாக்கி. தறியில் நூல் ஏறிவிட்டது. நெசவுகாரர் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.

எனக்கு அப்போதே விளங்கிவிட்டது. ஆனாலும் வாயில் வந்தது வேறு.

"எல்லாம் உள்ளுக்கு இரிக்கு ராத்தா. காட்டுறதுதான் பழுதாப் போயித்து."

"காட்டாட்டி இரிந்து என்ன?" என்றார் ராத்தா.

நீ ஏதும் செய்தாயா என்றும் கேட்டார். தூசிதான் தட்டினேன் என்றேன். கணினியில் ராத்தாவுக்கு என்மேல் அவ்வளவு நம்பிக்கை. அடுத்த கேள்வியே இல்லாமல் சந்தேகம் மச்சி பக்கம் திரும்பியது. மச்சி, ராத்தாவின் கணவருடைய தங்கை. அடுத்த வளவில் இருப்பவர், அவரும் தறி வைத்திருக்கிறார். தன்னுடைய அச்சு இயந்திரத்தில் மை தீர்ந்ததால் முந்தின நாள் காலையில் இங்கே வந்து ஒரு கரையை அச்செடுத்துப் போயிருந்தார். அவள் கை வைத்த பிறகுதான் இப்படி என்று ராத்தா சொன்னார், அதுவும் நெசவுகாரர்களுக்கு முன்னால், வேலிக்கு அந்தப் பக்கம் கேட்கிற சத்தத்தில். நான் பக்கத்தில் நின்று வயரை முறுக்கிக்கொண்டிருந்தேன்.

பிறகு இணையத்தில் கண்ட இடத்திலெல்லாம் அந்தப் பெயரில் கோப்பு இறக்கிப் போட்டேன். ஒன்றும் சரிவரவில்லை. அந்தக் கணினியிலேயே இருந்த, கலியாண அட்டை அடிக்கிற மென்பொருளும் அதே கோப்பைத்தான் நம்பியிருந்தது, அதுவும் படுத்துக்கொண்டது. ராத்தா தாளில் கையால் வரைந்து பார்த்தார். நூல் எண்ணிக்கை எங்கோ பிசகியது. மூன்று தாளைக் கிழித்துப் போட்டார்.

நோன்பு பிடித்துவிட்டது. முதல் நோன்பு திறக்க மச்சி வீட்டிலிருந்து கஞ்சி வருவது வழக்கம். அந்த வருடம் வரவில்லை. ராத்தா வேலிப் படலையை இரண்டு தரம் எட்டிப் பார்த்துவிட்டுப் பேரீச்சம்பழத்தை வாயில் போட்டார்.

மென்பொருளைப் போட்டுத் தந்தவர் வெளிநாடு போய்விட்டார், அது பதிந்திருந்த இறுவட்டும் அவரோடு போய்விட்டது. ஆனால் அதே இறுவட்டிலிருந்துதான் மச்சியின் கணினிக்கும் போட்டுக் கொடுத்திருந்தார். இது முதல் நாளே என் நினைவுக்கு வந்தது. எந்த முகத்தோடு போவது? மூன்றாம் நோன்பன்று பின்னேரம் அசர் தொழுதுவிட்டு ஒரு பென்டிரைவை எடுத்துக்கொண்டு போனேன்.

மச்சி கணினியைப் போட்டுவிட்டார். கதிரையை இழுத்துப் போட்டார். கோப்பு அங்கே அதே பழைய திகதியோடு இருந்தது. பிரதி எடுத்துக்கொண்டு எழும்பியபோதுதான் கதைத்தார்.

"நான் தொட்ட நேரம் அது நல்லாத்தான் இருந்திச்சி, மச்சான். அதுக்குப் பொறகு ஆரு கை வச்ச எண்டு உங்களுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். நீங்களே மதினிக்கிட்டச் சொல்லுவீங்க எண்டுதான் பாத்துக்கிட்டு இருந்தன்."

அவர் கோபித்திருந்தால் எனக்குச் சுகமாக இருந்திருக்கும். கரை இல்லாமல் அந்தப் பிள்ளையின் சாரி நிற்கக் கூடாது, கெதியாகக் கொண்டு போங்கள் என்றுதான் அனுப்பினார்.

கோப்பை அதன் பழைய இடத்தில் வைத்தேன். ராத்தா நிக்காஹ் கரையைத் தட்டினார். கரும்பச்சையில் பொன்னிற மொட்டுகள் திரை முழுக்க வந்து நின்றன. ராத்தா என் தலையில் கை வைத்து, எனக்காக இறைவனிடம் துஆ கேட்கத் தொடங்கினார். அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. அழித்தது நான், பொய் சொன்னதும் நான், கோப்பு மச்சி தந்தது என்று ஒரே மூச்சில் சொல்லிவிட்டேன்.

ராத்தா கையை எடுத்துக்கொண்டார். ஏசுவார் என்று காத்திருந்தேன். திரையைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

"கரை வந்திட்டு," என்றார். "அவள் வருவாளா?"

ராத்தா குசினிக்குப் போய், ஆக்கி வைத்திருந்த கஞ்சியை ஒரு பாத்திரத்தில் ஊற்றி மூடினார். முக்காட்டைச் சரிசெய்துகொண்டு, மச்சி வீட்டுக்குப் போகப் படலையைத் திறந்தார். நோன்பு திறக்கப் பாங்கு சொல்ல இன்னும் பத்து நிமிடம் இருந்தது. பாத்திரத்தை நான் தூக்குகிறேன் என்று கை நீட்டினேன். ராத்தா தரவில்லை.